கனடா மாகாணப் புள்ளிமுறை: பி.ஆர். விண்ணப்பத்தை எந்த வரிசையில் தயார் செய்வது

கனடாவின் மாகாண நாமினேஷனுக்கு முயல்பவர்களில் முக்கால்வாசிப் பேர், இணையத்தில் கிடைக்கும் ஒரு கால்குலேட்டரில் புள்ளியைக் கூட்டிப் பார்ப்பதில்தான் ஆரம்பிக்கிறார்கள். உண்மையில் அது கடைசியில் செய்யவேண்டிய வேலை. முதலில் ஆவணங்கள், அப்புறம் வேலைக்குறியீடு, பிறகு எந்த மாகாணம் என்ற முடிவு. கூட்டல் அதற்கும் பின்னால்தான். வரிசை மாறினால் என்ன ஆகும்? விண்ணப்பிக்கச் சொல்லி மாகாணத்தின் அழைப்பு வந்துவிடும், ஒரே ஒரு சான்றிதழ் கையில் இருக்காது, கெடு முடிந்துபோகும்.

இங்கே மானிட்டோபாவையும் பிரிட்டிஷ் கொலம்பியாவையும் எடுத்துக்கொள்கிறேன். ஆட்களை எடைபோடுவதில் இரண்டும் எதிரெதிரானவை. மானிட்டோபா உங்களுக்கு அங்கே யார் இருக்கிறார்கள், தங்குவீர்களா என்று பார்க்கிறது. பிரிட்டிஷ் கொலம்பியா உங்களுக்கு என்ன சம்பளம் கொடுக்கிறார்கள் என்று பார்க்கிறது. இரண்டும் பிடிபட்டுவிட்டால் ஒன்டாரியோ, ஆல்பர்ட்டா அட்டவணைகளை நீங்களே படித்துக்கொள்ளலாம். கியூபெக் இந்தத் திட்டத்திலேயே இல்லை, அதற்குத் தனி முறை. நுனாவுட்டிலும் நாமினேஷன் திட்டம் கிடையாது.

அட்டவணை எண்கள் அவ்வப்போது மாறும். விண்ணப்பிக்கும் நாளில் மாகாண அரசின் பக்கத்தைத் திறந்து ஒருமுறை ஒப்பிட்டுவிடுங்கள்.

1. மூன்று கணக்குகளைப் பிரித்து வையுங்கள்

பி.ஆர்., அதாவது நிரந்தரமாக வசிக்கும் உரிமை, கொடுப்பது மத்திய அரசு. மாகாணம் செய்வது பரிந்துரை மட்டும். அந்தப் பரிந்துரைக்குப் பெயர்தான் நாமினேஷன். ஆகவே உங்கள் மேல் இரண்டு அரசுகள், மூன்று விதமான கணக்குப் போடுகின்றன.

முதலாவது, திறன் பணியாளர்களை மத்திய அரசு தேர்ந்தெடுக்கும் எக்ஸ்பிரஸ் என்ட்ரி முறையின் தரவரிசை. சி.ஆர்.எஸ். என்பார்கள், மொத்தம் 1,200. இரண்டாவது, மாகாணத்தின் தகுதிக் கணக்கு: உள்ளே நுழைய அனுமதி உண்டா இல்லையா என்பது மட்டும். மானிட்டோபாவில் வெளிநாட்டிலிருந்து விண்ணப்பிக்கும் திறன் பணியாளருக்கு இது 100-க்கு 60. மூன்றாவது, மாகாணத்தின் தரவரிசை: நுழைந்தவர்களில் யாரை முதலில் அழைப்பது என்பது. மானிட்டோபாவில் இது 1,000-க்கு, பிரிட்டிஷ் கொலம்பியாவில் 200-க்கு.

"எனக்கு 470 வருது, மானிட்டோபா கிடைக்குமா?" என்று கேட்பவர்கள் பெரும்பாலும் சி.ஆர்.எஸ். எண்ணைச் சொல்கிறார்கள். மானிட்டோபாவின் தரவரிசையில் அந்த எண்ணுக்கு வேலையே இல்லை. எந்த எண்ணைச் சொன்னாலும் எந்தக் கணக்கில், எத்தனைக்கு என்று சேர்த்தே எழுதி வையுங்கள். பாதிக் குழப்பம் அதிலேயே தீரும்.

இன்னொன்றும் தெரிந்திருக்க வேண்டும். ஆண்டுக்கு இத்தனை நாமினேஷன் என்று மத்திய அரசு ஒவ்வொரு மாகாணத்துக்கும் ஒதுக்குகிறது. 2024-ல் மானிட்டோபாவுக்கு 9,500 இருந்தது, 2025 தொடக்கத்தில் 4,750 ஆக இறங்கியது. பிரிட்டிஷ் கொலம்பியா 8,000-லிருந்து 4,000-க்கு வந்தது. உங்கள் புள்ளியில் ஒன்றும் குறையாமலே அழைப்பு தள்ளிப்போவதற்கு இதுதான் காரணம். போன ஆண்டு நண்பருக்குக் கிடைத்த எண்ணை வைத்து இந்த ஆண்டுக்குத் திட்டம் போடாதீர்கள்.

2. ஆவணங்கள்: மெதுவாக வருவதை முதலில் தொடங்குங்கள்

கல்விச் சான்று மதிப்பீட்டைத்தான் முதலில் தொடங்க வேண்டும். டபிள்யூ.ஈ.எஸ். போன்ற நிறுவனங்கள் உங்கள் பட்டம் கனடாவில் எதற்குச் சமம் என்று சொல்லும் அறிக்கை இது. மதிப்பெண் விவரத்தைப் பல்கலைக்கழகமே நேரடியாக அவர்களுக்கு அனுப்ப வேண்டும். நீங்கள் வாங்கி ஸ்கேன் செய்து அனுப்பினால் ஏற்க மாட்டார்கள். தாமதம் முழுக்க அந்தப் பல்கலைக்கழக அலுவலகத்தில்தான். அறிக்கை வந்துவிட்டால் ஐந்து ஆண்டுகள் செல்லும், ஆகவே சீக்கிரம் எடுத்துவிட்டோமே என்ற கவலை வேண்டாம்.

மொழித் தேர்வு அடுத்தது. அதன் முடிவு இரண்டே ஆண்டுதான் செல்லும். தேர்வை முதலில் எழுதிவிட்டு மதிப்பீட்டுக்கு அலைபவர்களுக்கு, எல்லாம் தயாராகும்போது தேர்வின் ஆயுளில் ஒரு பெரிய துண்டு போயிருக்கும்.

மூன்றாவது, வேலைச் சான்றுக் கடிதங்கள். நம் ஊர் நிறுவனங்கள் கொடுக்கும் ரிலீவிங் லெட்டர் போதாது. பதவி, சேர்ந்த தேதி, விலகிய தேதி, வாரத்துக்கு எத்தனை மணி நேரம், சம்பளம், என்னென்ன வேலை செய்தீர்கள் என்பதெல்லாம் லெட்டர்ஹெட்டில் இருக்க வேண்டும், கையொப்பமும் தொடர்பு விவரமும் வேண்டும். ஹெச்.ஆர். துறை "இந்த ஃபார்மட்டில்தான் கொடுப்போம்" என்று பிடிவாதம் பிடித்தால், அதையும் வாங்கிக்கொண்டு, மேலாளரிடம் வேலை விவரத்தைத் தனிக் கடிதமாக வாங்குங்கள். சம்பளச் சீட்டு, ஃபார்ம் 16, பி.எஃப். கணக்கு விவரம் ஆகியவற்றைப் பக்கத்தில் வையுங்கள். இலங்கையில் ஈ.பி.எஃப்., ஈ.டி.எஃப். பதிவுகள் இதே வேலையைச் செய்யும்.

நான்காவது, பெயர். தமிழர்களுக்கு இது தனித் தலைவலி. பாஸ்போர்ட்டில் அப்பா பெயர் முழுதாக, டிகிரியில் இனிஷியல், வேலைக் கடிதத்தில் வெறும் பெயர் என்று மூன்று இடத்தில் மூன்று விதமாக இருக்கும். எல்லாவற்றுக்கும் பாஸ்போர்ட்டே அளவுகோல். அதில் ஒரே பெயர் மட்டும் இருந்து குடும்பப் பெயர் காலியாக இருந்தால், மத்திய அரசின் படிவத்தில் அந்தப் பெயரைக் குடும்பப் பெயர் கட்டத்தில் போட்டு மற்றதை விட்டுவிட வேண்டும். ஐ.ஈ.எல்.டி.எஸ். என்ற ஆங்கிலத் தேர்வின் பதிவையும் பாஸ்போர்ட்டில் உள்ளபடியே செய்யுங்கள். வேறுபாடு இருக்கும் ஆவணங்களுக்கு நோட்டரியிடம் ஒரே ஒரு அஃபிடவிட் வாங்கி, அதில் எல்லா வடிவங்களையும் பட்டியலிட்டுவிட்டால் போதும்.

3. வேலைக்குறியீட்டை வேலையை வைத்துத் தேர்ந்தெடுங்கள்

கனடாவின் தொழில் வகைப்பாட்டில், அதாவது என்.ஓ.சி.-யில், ஒவ்வொரு வேலைக்கும் ஐந்து இலக்க எண் உண்டு. மென்பொருள் உருவாக்குநர் 21232, பதிவுபெற்ற செவிலியர் 31301, சமையற்காரர் 63200, கனரக லாரி ஓட்டுநர் 73300. இரண்டாவது இலக்கம், அந்த வேலைக்கு எந்த அளவு படிப்பும் பயிற்சியும் வேண்டும் என்பதை 0 முதல் 5 வரை காட்டுகிறது. டீர் என்பது இதைத்தான்.

குறியீட்டைப் புள்ளிக்கு முன் ஏன் முடிக்க வேண்டும் என்றால், எந்த அனுபவம் கணக்கில் வரும், எந்தப் பிரிவில் விண்ணப்பிக்கலாம், எந்த டிராவில் (புள்ளி வரிசைப்படி ஆட்களை அழைக்கும் சுற்றில்) உங்கள் பெயர் பார்க்கப்படும் என்பதெல்லாம் இந்த எண்ணில்தான் தொங்குகின்றன.

இங்கே நடக்கும் பெரிய தவறு, விசிட்டிங் கார்டில் இருக்கும் பதவியை வைத்துக் குறியீட்டைத் தேடுவது. நம் ஊரில் மூன்று ஆண்டு அனுபவத்திலேயே "மேனேஜர்" ஆகிவிடலாம். கனடாவில் மேலாளர் குறியீடு என்றால் ஆட்களை வேலைக்கு எடுத்திருக்க வேண்டும், பட்ஜெட் பார்த்திருக்க வேண்டும். ஆகவே பதவிப் பெயரை மறந்துவிட்டு, குறியீட்டின் கீழ் உள்ள முதன்மைப் பணிகளைப் படியுங்கள். அவற்றில் பெரும்பகுதியை நீங்கள் உண்மையாகவே செய்திருந்தால் அதுதான் உங்கள் எண்.

அடுத்த தவறு இதற்கு நேர் எதிர்: அந்தப் பணிப் பட்டியலை வரிக்கு வரி நகலெடுத்து வேலைக் கடிதத்தில் ஒட்டுவது. அதிகாரி அந்தப் பட்டியலைத் தினமும் பார்க்கிறவர். உங்கள் நிறுவனம் என்ன செய்கிறது, நீங்கள் எந்தக் கருவியில், எந்தப் பிரிவுக்காக வேலை பார்த்தீர்கள் என்று உங்கள் சொந்த வார்த்தையில் இருக்கட்டும்.

4. மொழி மதிப்பெண்ணை சி.எல்.பி.-க்கு மாற்றுங்கள்

ஐ.ஈ.எல்.டி.எஸ். எண்ணை எந்த மாகாணமும் அப்படியே எடுப்பதில்லை. சி.எல்.பி. என்ற கனடிய அளவுகோலுக்கு மாற்றியே பார்க்கும். நான்கு திறனிலும் 6.0 இருந்தால் சி.எல்.பி. 7. சி.எல்.பி. 8-க்கு கேட்டலில் 7.5, மற்ற மூன்றிலும் 6.5 வேண்டும். சி.எல்.பி. 9-க்கு கேட்டலில் 8.0, மற்றவற்றில் 7.0. மொத்தமாக வரும் "ஓவரால்" எண்ணுக்கு இங்கே மதிப்பு கிடையாது.

எழுதவேண்டியது ஜெனரல் டிரெய்னிங் தேர்வு. படிக்கப் போவதற்காக எழுதிய அகடமிக் முடிவை வைத்துக்கொண்டு ஏமாறுபவர்கள் இன்னும் இருக்கிறார்கள். செல்பிப் ஜெனரல், பி.டி.ஈ. கோர் ஆகிய ஆங்கிலத் தேர்வுகளும் செல்லும்.

மாகாணம் இந்த எண்ணை எப்படிப் பயன்படுத்துகிறது என்பதில்தான் சூட்சுமம். ஒருவர் கேட்டலில் 8, வாசிப்பில் 7, எழுத்தில் 6, பேச்சில் 7 எடுத்திருக்கிறார் என்று வைப்போம். நம்மவர்களிடம் அடிக்கடி பார்க்கும் வடிவம் இது, எழுத்துதான் காலை வாரும். மானிட்டோபா ஒவ்வொரு திறனுக்கும் தனித்தனியே புள்ளி தருகிறது: சி.எல்.பி. 8-உம் அதற்கு மேலும் 25, சி.எல்.பி. 7-க்கு 22. ஆக 97, இழப்பு மூன்றே மூன்று. பிரிட்டிஷ் கொலம்பியா நான்கில் எது குறைவோ அதை மட்டும் எடுக்கிறது. சி.எல்.பி. 9 என்றால் 30 கிடைத்திருக்கும், எழுத்தால் 7-க்கு இறங்கி 20 ஆகிறது. மானிட்டோபாவுக்குப் போகிறவர் இன்னொரு முறை தேர்வுக்குப் பணம் கட்டுவது வீண். பிரிட்டிஷ் கொலம்பியாவுக்குப் போகிறவர் எழுத்துக்கு மட்டும் பயிற்சி எடுத்து மறுபடி எழுதலாம்.

5. மானிட்டோபா: முதல் கதவு, 100-க்கு 60

வெளிநாட்டிலிருந்து விண்ணப்பிப்பவருக்கு மொழி, வயது, அனுபவம், கல்வி, மாகாணத் தொடர்பு என்ற ஐந்தில் 60 வர வேண்டும். நல்ல பட்டமும் நான்கு ஆண்டு அனுபவமும் சி.எல்.பி. 7-உம் இருந்தால் முதல் நான்கிலேயே 60-ஐத் தாண்டிவிடலாம். தாண்டியதும் "தகுதி வந்துவிட்டது" என்று சந்தோஷப்பட்டு விண்ணப்பத்துக்குப் போகிறார்கள்.

அங்கேதான் பொறி. 60 வந்தாலும் மானிட்டோபாவோடு ஒரு தொடர்பு கட்டாயம். அங்கே உறவினரோ நண்பரோ ஆதரவு தர வேண்டும், அல்லது முன்பு அங்கே படித்தோ வேலை பார்த்தோ இருக்க வேண்டும், அல்லது மாகாணமே ஆளெடுப்பு நடத்தி உங்களை அழைத்திருக்க வேண்டும். எதுவும் இல்லையென்றால் மற்ற நான்கிலும் முழுப் புள்ளி வாங்கினாலும் கதவு திறக்காது.

அனுபவத்தில் கடைசி ஐந்து ஆண்டுகள் மட்டும் எண்ணப்படும். பதினைந்து ஆண்டு வேலை பார்த்துவிட்டு இடையில் மூன்று ஆண்டு வீட்டில் இருந்தவர், தன் கணக்கில் இரண்டு ஆண்டுதான் என்று தெரியாமல் இருப்பார்.

கணவன், மனைவி இருவரில் யார் முதன்மை விண்ணப்பதாரர் என்பதை இந்தக் கட்டத்தில் முடிவு செய்யுங்கள். இருவருக்கும் தனித்தனியே கணக்குப் போட்டுப் பாருங்கள். அதிகம் சம்பாதிப்பவர்தான் முதன்மை என்று எந்த விதியும் இல்லை.

6. மானிட்டோபா: இரண்டாவது கதவு, 1,000 புள்ளி

மொழிக்கு 125 (அதில் 25 இரண்டாவது அலுவல் மொழிக்கு, நமக்குப் பெரும்பாலும் 100-தான்). வயதுக்கு 75. அனுபவத்துக்கு 75, உங்கள் தொழிலை மானிட்டோபாவின் உரிம அமைப்பு முழுமையாக ஏற்றிருந்தால் மேலும் 100. கல்விக்கு 125. மாகாணத் தொடர்புக்கு 500. மொத்தத்தில் பாதி அந்தக் கடைசி வரியில் இருக்கிறது. படிப்பும் அறிவும் உள்ள பலர் இதைக் கவனிக்காமலே முதல் நான்கு வரிகளில் மல்லுக்கட்டுகிறார்கள்.

வயதில் 21 முதல் 45 வரை முழு 75. சி.ஆர்.எஸ். கணக்கில் 30-லிருந்தே புள்ளி கரைய ஆரம்பித்து 45-ல் பூஜ்ஜியமாகிவிடும். நாற்பதைத் தொட்டவர்கள் எக்ஸ்பிரஸ் என்ட்ரியில் மனம் உடைந்துபோகாமல் மாகாணப் பக்கம் பார்க்கச் சொல்வது இதனால்தான். 46-ல் 75 சட்டென 40 ஆகிவிடும் என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள்.

கல்வியில் முதுநிலைப் பட்டம் 125. மூன்று ஆண்டு அல்லது அதற்கு மேற்பட்ட ஒரே படிப்பு 110. இரண்டு ஆண்டுக்குக் குறையாத இரண்டு படிப்புகள் 115. அதாவது பி.எஸ்ஸி.-க்கும் பி.ஈ.-க்கும் இங்கே ஒரே எடை.

தொடர்பில், நெருங்கிய உறவினர் மானிட்டோபாவில் இருந்தால் 200. நெருங்கிய நண்பர் அல்லது தூரத்து உறவினர் 50. முன்பு அங்கே ஆறு மாதமாவது வேலை பார்த்திருந்தால் 100. அங்கே இரண்டு ஆண்டு படித்திருந்தால் 100, ஓராண்டு என்றால் 50. மாகாணத் தலைநகரான வின்னிபெக்குக்கு வெளியே குடியேறுவதானால் 50. அங்கேயே ஆறு மாதமாக வேலை செய்துகொண்டிருந்து, அதே முதலாளி நீண்டகால வேலையை உறுதி செய்தால் 500. மாகாணத்தின் ஆளெடுப்பு முயற்சியில் அழைக்கப்பட்டாலும் 500.

ஒரு கணக்கு போடுவோம். வயது 32, பி.ஈ., ஐந்து ஆண்டு அனுபவம், எல்லாத் திறனிலும் சி.எல்.பி. 7. மொழி 88, வயது 75, அனுபவம் 75, கல்வி 110. கூட்டினால் 348. வின்னிபெக்கில் சித்தப்பா மகன் இருந்தால் 548. நண்பர் மட்டும் என்றால் 398. இதே ஆள் ஆறு மாதம் உழைத்து மொழியை சி.எல்.பி. 8 ஆக்கினால் கூடுவது 12. முதுநிலை முடித்தால் கூடுவது 15. எங்கே நேரத்தைச் செலவிடலாம் என்பதை இந்த எண்களே சொல்லிவிடும்.

7. உறவைத் தாளில் நிரூபியுங்கள்

அந்த 200 புள்ளி, சொல்வதால் வருவதில்லை. உறவினர் கனடியக் குடியுரிமையோ பி.ஆர்.-ஓ பெற்றவராக, ஓராண்டாவது மானிட்டோபாவிலேயே வசிப்பவராக இருக்க வேண்டும். ஒன்டாரியோவின் ஸ்கார்பரோவில் பத்து உறவினர் இருந்தாலும் அவர்களால் இந்தக் கட்டத்தில் ஒரு புள்ளியும் வராது.

நெருங்கிய உறவு என்றால் பெற்றோர், தாத்தா பாட்டி, உடன்பிறந்தவர்கள், பெற்றோரின் உடன்பிறந்தவர்கள், அவர்களின் பிள்ளைகள், உங்கள் உடன்பிறந்தவர்களின் பிள்ளைகள். உங்கள் துணையின் வழியில் வரும் இதே உறவுகளும் சேர்த்தி. அதனால் மாமனார் வீட்டுப் பக்கமும் ஒருமுறை விசாரியுங்கள். ஆனால் தாத்தாவின் தம்பி மகனை வீட்டில் சித்தப்பா என்று அழைத்தாலும், மாகாணக் கணக்கில் அவர் தூரத்து உறவுதான், 50.

சித்தப்பா மகனுக்கான சான்றுச் சங்கிலி இப்படிப் போகும்: உங்கள் பிறப்புச் சான்றிதழ், அதில் உங்கள் அப்பா பெயர். அப்பாவின் சான்று, அதில் தாத்தா பாட்டி பெயர். சித்தப்பாவின் சான்று, அதிலும் அதே தாத்தா பாட்டி. கடைசியாக அவர் மகனின் பிறப்புச் சான்றிதழ். நான்கில் ஒன்று அறுந்தாலும் 200 போய்விடும், அதோடு விண்ணப்பமும்.

அப்பா தலைமுறைக்குப் பிறப்புச் சான்றிதழ் இல்லாதது நம் வீடுகளில் சகஜம். பள்ளி மாற்றுச் சான்றிதழ், பழைய பாஸ்போர்ட் ஆகியவற்றைத் தேடுங்கள். தாத்தா காலமானபோது தாசில்தார் அலுவலகத்தில் வாங்கிய வாரிசுச் சான்றிதழ் ஏதாவது பீரோவில் கிடக்கும். அதில் பிள்ளைகள் எல்லோர் பெயரும் ஒரே தாளில் இருப்பதால் நல்ல துணைச் சான்று. இலங்கைப் பிறப்புப் பத்திரத்தில் தாத்தாவைப் பற்றிய பத்தியும் உண்டு என்பதால் ஒரு படி மிச்சமாகும். தமிழிலோ சிங்களத்திலோ உள்ள எல்லாவற்றுக்கும் சான்றளிக்கப்பட்ட ஆங்கில மொழிபெயர்ப்பு வேண்டும். இதெல்லாம் ஊரில் மாதக்கணக்கில் இழுக்கும் வேலை. அழைப்பு வந்தபின் தொடங்கினால் முடியாது.

8. கழியும் புள்ளிகள்

மானிட்டோபா புள்ளியைக் கழிக்கவும் செய்யும். வேறு மாகாணத்தில் படித்திருந்தால் 100 கழியும். வேறு மாகாணத்தில் வேலை பார்த்திருந்தால் 100. முன்பு வேறு மாகாணத்துக்குக் குடியேற்ற விண்ணப்பம் போட்டிருந்தால் 100. நாமினேஷன் வாங்கியதும் டொரொன்டோவுக்கு வண்டியேறுபவர்களைப் பார்த்துப் பார்த்து மாகாணம் வைத்திருக்கும் வடிகட்டி இது.

ஒன்டாரியோ கல்லூரியில் இரண்டு ஆண்டு படித்து, அங்கேயே வேலை பார்த்து, பிறகு வின்னிபெக் போகும் மாணவர்கள் இப்போது நிறைய. அவர்களுக்குக் கழிவு 200. மேலே பார்த்த 348 புள்ளிக்காரர் அப்படி வந்து, ஆறு மாத வேலையும் முதலாளியின் உறுதிக் கடிதமும் வைத்திருந்தால் 848-லிருந்து 648-க்கு இறங்குவார்.

"எல்லா மாகாணத்துக்கும் போட்டு வைப்போம், எங்கே கிடைக்கிறதோ அங்கே போவோம்" என்று சில ஏஜென்ட்கள் சொல்வது எனக்குச் சரியாகப் படவில்லை. இலவசம் போலத் தெரியும் அந்த யோசனைக்கு இங்கே 100 புள்ளி விலை. குறையும் என்பதற்காகப் பழைய விண்ணப்பத்தை மறைக்கவும் கூடாது. பொய்த் தகவல் என்று முடிவானால் ஐந்து ஆண்டு தடை.

9. பிரிட்டிஷ் கொலம்பியா: சம்பளமும் இடமும்

இங்கே 200-ல் 120 உங்களுக்கு: அனுபவம் 40, கல்வி 40, மொழி 40. மீதி 80 உங்கள் வேலைக்கு: மணிக்கூலி 55, வேலை இருக்கும் இடம் 25. வேலை வாய்ப்பு கையில் இல்லாதவர் இந்த மாகாணத்தின் திறன் பணியாளர் பிரிவில் நேரத்தைச் செலவிட வேண்டாம்.

மணிக்கு 70 டாலரும் மேலும் என்றால் 55 புள்ளி. ஒவ்வொரு டாலர் குறையக் குறைய ஒரு புள்ளி குறைந்து, 16 டாலருக்கு 1, அதற்குக் கீழே ஒன்றும் இல்லை. ஓவர்டைம், போனஸ், டிப்ஸ் எதையும் சேர்க்கக் கூடாது. ஆண்டுச் சம்பளம் என்றால் 52 வாரத்தாலும் வாரத்தின் உண்மையான மணி நேரத்தாலும் வகுங்கள். 79,040 டாலர் சம்பளம் 40 மணி நேர வாரத்தில் மணிக்கு 38, அதுவே ஒப்பந்தத்தில் 37.5 மணி நேரம் என்று இருந்தால் 40.53. பழக்கத்தில் 40 என்று போட்டுவிட்டுப் புள்ளியை விடுபவர்கள் உண்டு.

இடத்துக்கு, மெட்ரோ வான்கூவருக்குள் பூஜ்ஜியம். ஸ்குவாமிஷ், அபாட்ஸ்ஃபோர்டு, மிஷன், சில்லிவாக், அகாசி என்றால் 5. மற்ற எல்லா ஊர்களுக்கும் 15. மெட்ரோவுக்கு வெளியே அந்த வட்டாரத்தில் ஓராண்டு வேலை பார்த்தோ, அங்கே படித்தோ இருந்தால் கூடுதலாக 10.

ஒரு கணக்காளரை எடுத்துக்கொள்வோம். மெட்ரோ வான்கூவருக்குள் இருக்கும் சர்ரேயில் மணிக்கு 38 டாலர், மூன்று ஆண்டு நேரடி அனுபவம், அதில் ஓராண்டு கனடாவில், இப்போதும் அதே முதலாளியிடம் முழுநேரம். அனுபவம் 12, கனடா அனுபவத்துக்கு 10, நடப்பு வேலைக்கு 10, ஆக 32. இளநிலைப் பட்டம் 15. சி.எல்.பி. 8-க்கு 25. சம்பளம் 23. இடம் 0. மொத்தம் 95. அதே வேலை, அதே சம்பளம் கெலோனாவில் என்றால் 110. ஊர் மாறியதால் வந்த அந்த 15, சர்ரேயிலேயே மணிக்கு 15 டாலர் கூடுதல் சம்பளம் வாங்கியிருந்தால் கிடைப்பதற்குச் சமம். எந்த முதலாளியும் அப்படி ஏற்றித் தரமாட்டார். புள்ளி போதாதவர்களுக்கு நான் முதலில் சொல்வது, வான்கூவரை விட்டு வெளியே வேலை தேடுங்கள் என்பதுதான்.

10. விருப்பப் பதிவு

இரண்டு மாகாணத்திலும் முதலில் போடுவது விண்ணப்பம் அல்ல, பதிவு. கட்டணம் இல்லை, ஓராண்டு செல்லும். ஆவணம் எதையும் கேட்க மாட்டார்கள் என்பதால் ஆட்கள் தாராளமாகப் புள்ளியை அள்ளிப்போட்டுக்கொள்கிறார்கள். அழைப்பு அந்த எண்ணுக்குத்தான் வரும். பிறகு விண்ணப்பத்தில் அந்த எண்ணை நிரூபிக்க முடியாவிட்டால் மறுப்பு. நான் பரிந்துரைப்பது: ஒவ்வொரு புள்ளிக்கும் எதிரே எந்தக் கோப்பு சான்று என்று எழுதுங்கள். கோப்பு இல்லாத வரியைப் பூஜ்ஜியமாக்குங்கள். மிஞ்சுவதுதான் உங்கள் புள்ளி.

எக்ஸ்பிரஸ் என்ட்ரி சுயவிவரம் இருந்தால் அதன் எண்ணை இங்கே மறக்காமல் சேருங்கள். அதன் பயன் 12-ஆவது பகுதியில் வரும்.

டிரா முடிவுகளைப் படிக்கும்போது குறைந்தபட்ச எண்ணை மட்டும் பார்க்காதீர்கள், அது எந்தப் பிரிவுக்கு என்று பாருங்கள். மானிட்டோபாவில் உள்ளே வேலை செய்பவர்களுக்கும் வெளிநாட்டவர்களுக்கும் தனித்தனி எண். குறிப்பிட்ட தொழிலுக்கு, குறிப்பிட்ட ஆளெடுப்பு முயற்சிக்கு மட்டும் நடக்கும் டிராக்களும் உண்டு.

உதவிக்கு யாரையாவது அமர்த்தினால், அவர் வழக்கறிஞரா, அல்லது குடியேற்ற ஆலோசகர்களின் கல்லூரி என்ற உரிமம் தரும் அமைப்பில் பதிவு பெற்றவரா என்று அதன் பொதுப் பதிவேட்டில் பார்த்துவிடுங்கள். பணம் கொடுத்தால் வேலை ஆஃபர் வாங்கித் தருகிறேன் என்பவரிடம் பேச்சே வேண்டாம், அது சட்டவிரோதம்.

11. அழைப்பு வந்தபின்

மானிட்டோபா 60 நாள் தருகிறது, பிரிட்டிஷ் கொலம்பியா 30 நாள். மேலே சொன்ன வரிசையில் வந்திருந்தால் இதில் பெரும்பாலும் படிவம் நிரப்பும் வேலைதான் மிச்சம். மானிட்டோபாவின் விண்ணப்பக் கட்டணம் 500 டாலர், திரும்ப வராது.

மானிட்டோபா ஒரு குடியேற்றத் திட்டம் எழுதச் சொல்லும். எந்த ஊர், எந்த மாதிரி வேலை, எந்த நிறுவனங்கள் ஆளெடுக்கின்றன, வாடகை எவ்வளவு, பிள்ளைகளுக்கு எந்தப் பள்ளி என்று நீங்கள் தேடியது அதில் தெரிய வேண்டும். "மானிட்டோபா அமைதியான, பன்முகக் கலாசாரம் கொண்ட மாகாணம்" என்று தொடங்கும் கடிதங்களை ஏஜென்ட்கள் நூற்றுக்கணக்கில் அச்சடிக்கிறார்கள். உங்களுடையது அப்படி இருக்கக் கூடாது.

பணச் சான்றில் வழக்கமான சிக்கல், கடைசி வாரத்தில் மாமா போட்டுவிட்ட பெரிய தொகை. எக்ஸ்பிரஸ் என்ட்ரி வழியில் ஆறு மாதச் சராசரி இருப்பைப் பார்ப்பார்கள், கடன் வாங்கிய பணம் செல்லாது. நகையும் வீட்டு மதிப்பும் கணக்கில் வராது. எதையாவது விற்றுப் பணம் போடுவதானால் ஆறு மாதத்துக்கு முன்பே போட்டு, விற்ற பத்திரத்தை வைத்துக்கொள்ளுங்கள்.

12. நாமினேஷனுக்குப் பிறகு

எக்ஸ்பிரஸ் என்ட்ரியோடு இணைந்த நாமினேஷன் என்றால் சி.ஆர்.எஸ். கணக்கில் 600 கூடும். அடுத்த டிராவில் அழைப்பு கிட்டத்தட்ட உறுதி. நாமினேஷனை 30 நாளுக்குள் உங்கள் இணையக் கணக்கில் ஏற்க வேண்டும், பிறகு வரும் அழைப்புக்கு 60 நாளில் விண்ணப்பிக்க வேண்டும். இணையாதது என்றால் 600 கிடையாது. சான்றிதழ் காலாவதியாகும் முன் பி.ஆர். போர்ட்டலில் நேரடியாக விண்ணப்பிக்க வேண்டும், இந்த வழி மெதுவானது. எது உங்களுடையது என்பதை நாமினேஷன் கடிதத்திலேயே பார்த்துக்கொள்ளுங்கள். இரண்டாவது வகைக்காரர்கள் எக்ஸ்பிரஸ் என்ட்ரி டிராவுக்காகக் காத்திருந்து சான்றிதழைக் காலாவதியாக விடுவதும் நடக்கிறது.

இந்தக் கட்டத்தில் மத்திய அரசு உடல்நலம், காவல்துறைச் சான்று, குற்றப் பின்னணி ஆகியவற்றோடு, பரிந்துரைத்த மாகாணத்தில் வாழும் எண்ணம் உண்மையா என்றும் பார்க்கும். மானிட்டோபா நாமினேஷனை வைத்துக்கொண்டு ஒன்டாரியோவின் மிஸ்ஸிசாகாவில் வாடகை ஒப்பந்தம் போட்டிருந்தால் அந்தக் கேள்வி எழும்.

கல்யாணம், குழந்தை, வேலை மாற்றம், முகவரி மாற்றம் எது நடந்தாலும் மாகாணத்துக்கும் மத்திய அரசுக்கும் தனித்தனியே தெரிவியுங்கள். ஒரு பக்கம் சொன்னால் மறுபக்கத்துக்குத் தானாகப் போகாது. பிரிட்டிஷ் கொலம்பியாவில் முதலாளி மாறினால் நாமினேஷனே ஆட்டம் காணும், ஆகவே ராஜினாமா கடிதம் கொடுப்பதற்கு முன்பே மாகாண அலுவலகத்துக்கு எழுதிக் கேளுங்கள்.